பெயர் எழுதிய தாள்கள்

படம் போட்டால் மனசு ஆறும் என்கிறார்கள். யாருக்கு ஆறும், எதிலிருந்து ஆறும், ஆறிய பிறகு அந்த ஆள் எங்கே போவது என்று கேட்டால் பதில் வருவதில்லை. கலையின் 'ஆற்றும் சக்தி' பற்றிய நம் பேச்செல்லாம் பெரும்பாலும் பிழைத்துக்கொண்டவர்களைப் பற்றியதாகவே இருக்கிறது. ஆறுவதற்கு அவகாசமே தரப்படாதவர்கள் வரைந்த படங்களை முன்னால் வைத்துக்கொண்டு இந்தப் பேச்சைக் கொஞ்சம் நிறுத்திப் பார்க்கலாம் என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

இந்தக் கேள்வி எனக்குப் புத்தகத்திலிருந்து வந்ததல்ல. 2005 ஜனவரி. நான் ப்ளஸ் டூ படித்துக்கொண்டிருந்தேன். சுனாமி வந்து மூன்று வாரம்கூட ஆகவில்லை. நாகப்பட்டினம் பக்கத்தில் ஒரு முகாமுக்கு எங்கள் வாத்தியார் எங்களைக் கூட்டிக்கொண்டு போயிருந்தார். அரிசி மூட்டை இறக்குவது, தண்ணீர் பிடித்து வைப்பது எங்கள் வேலை. ஒருநாள் ஒரு தொண்டு நிறுவனத்தார் வந்தார்கள். ஐம்பது அறுபது பிள்ளைகளைத் தார்ப்பாயில் உட்காரவைத்துத் தாளும் கிரேயானும் கொடுத்தார்கள். "அன்னிக்கி என்ன நடந்துச்சோ அத வரைங்க கண்ணுங்களா" என்றார் ஒரு அக்கா. ஒரு பையன், எட்டு வயசிருக்கும், ஆட்டோ வரைந்துகொண்டிருந்தான். பக்கக் கண்ணாடி, மீட்டர், பின்னால் எழுதியிருக்கும் வாசகம் எல்லாம் வைத்து நிதானமாக வரைந்தான். "கடல வரைப்பா, அலைய வரை" என்று அந்த அக்கா குனிந்து சொன்னார். "எனக்கு ஆட்டோதான்க்கா வரும்" என்றான் அவன். அலை வரைந்த தாள்களைத் தனியாகப் பொறுக்கி எடுத்துக்கொண்டு போனார்கள். ஆட்டோ தார்ப்பாயிலேயே கிடந்தது. இரண்டு வருஷம் கழித்து அந்த நிறுவனத்தின் ஆண்டறிக்கை ஒன்று என் கைக்குக் கிடைத்தது. அட்டையில் நீல அலை. கீழே 'சுனாமியால் பாதிக்கப்பட்ட குழந்தை ஒன்று வரைந்தது' என்று அச்சிட்டிருந்தார்கள். பேர் இல்லை.

அவர்கள் கெட்டவர்கள் இல்லை. ராத்திரி பகல் பார்க்காமல் ஓடி ஓடி வேலை செய்தவர்கள்தான். ஆனால் அந்த அட்டை என்னைத் தொந்தரவு செய்துகொண்டே இருந்தது. ஏன் என்று எனக்கு விளங்க ஆரம்பித்தது பல வருஷம் கழித்து, தெரேசின் முகாமில் யூதப் பிள்ளைகள் வரைந்த படங்களின் தொகுப்பைப் பார்த்தபோதுதான். அந்தப் படங்களில் தாளின் மூலையில், பெரும்பாலானவற்றில், ஒரு பெயர் இருக்கிறது. பிள்ளையின் கையெழுத்தில் பிள்ளையின் பெயர். அந்தப் பெயர்களை எழுதவைத்தவர் ஃப்ரீடல் டிக்கர்-பிராண்டைஸ் என்ற ஓவியர்.

1

ஃப்ரீடல் 1898இல் வியன்னாவில் பிறந்தவர். குழந்தைகளின் ஓவியத்தைக் குழந்தைகளுக்கே உரிய ஒரு மொழியாகக் கண்டு வகுப்பு நடத்திவந்த ஃப்ரான்ஸ் சீஷெக்கிடம் இளம்வயதில் படித்தார். பிறகு யோஹன்னஸ் இட்டன் வியன்னாவில் நடத்திய தனிப் பள்ளியில் சேர்ந்தார். 1919இல் வைமார் நகரத்தில் தொடங்கப்பட்ட பௌஹவுஸுக்கு இட்டன் ஆசிரியராகப் போனபோது அவரோடு போன மாணவர்களில் ஃப்ரீடலும் ஒருவர். 1923 வரை அங்கே இருந்தார்.

இட்டனின் வகுப்பு விசித்திரமானது. மூச்சுப் பயிற்சியும் உடற்பயிற்சியும் முடிந்த பிறகுதான் கரித்துண்டைத் தொட முடியும். கோடு என்பது உடம்பின் லயம் என்பது அவர் கொள்கை. மரம், துணி, கண்ணாடி, கம்பி, காகிதம் என்று கையில் கிடைக்கும் பொருட்களை ஒன்றோடொன்று உரசவிட்டு, சொரசொரப்புக்கும் வழவழப்புக்கும், இருட்டுக்கும் வெளிச்சத்துக்கும் உள்ள முரணைக் கண்டுபிடிக்கச் சொல்வார். பழைய ஓவியங்களைப் பார்த்து அப்படியே படியெடுக்காமல், அதன் எலும்புக்கூட்டை மட்டும் கோடுகளில் பிடிக்கச் சொல்வார். இந்தப் பயிற்சிகளை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். இருபது வருஷம் கழித்து ஒரு சிறைநகரத்துப் பிள்ளைகள் விடுதியில் இவை திரும்ப வரப்போகின்றன.

பௌஹவுஸுக்குப் பிறகு ஃப்ரான்ஸ் சிங்கர் என்ற கட்டடக் கலைஞரோடு சேர்ந்து வியன்னாவில் தொழிற்கூடம் நடத்தினார். நாற்காலி, துணி, வீட்டு உள்அமைப்பு, நாடக அரங்கம் என்று எல்லா வேலையும் செய்தார்கள். தொழிலாளர்களுக்காக நகராட்சி கட்டிய கோத்தேஹோஃப் குடியிருப்பில் ஒரு மாண்டிசோரி பாலர் பள்ளியையும் வடிவமைத்தார்கள்.

அதோடு ஃப்ரீடல் கம்யூனிஸ்ட். 1930களின் தொடக்கத்தில் அவர் செய்த சுவரொட்டிகள் புகைப்படத் துண்டுகளை வெட்டி ஒட்டிச் செய்யப்பட்டவை. பிறந்த குழந்தை ஒன்றிடம் அது வந்து சேர்ந்திருக்கும் உலகத்தின் லட்சணத்தைக் காட்டும் சுவரொட்டி அதில் பேர்போனது. கலை எதற்கு என்று அன்றைக்கு அவரைக் கேட்டிருந்தால் 'அம்பலப்படுத்த' என்று சொல்லியிருப்பார் என்று நினைக்கிறேன். 1934இல் ஆஸ்திரியாவில் வலதுசாரி சர்வாதிகாரம் இடதுசாரிகளை வேட்டையாடியபோது அவரும் கைதானார். வெளியே வந்ததும் பிராக் நகரத்துக்குப் போனார். விசாரணைக் காட்சியை அங்கே எண்ணெய் வண்ணத்தில் வரைந்தார். உளப்பகுப்பாய்வும் செய்துகொண்டார். நாஜி ஜெர்மனியிலிருந்து தப்பிவந்த குடும்பங்களின் பிள்ளைகளுக்குப் படம் வரையச் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்ததும் அங்கேதான். கூட உதவிக்கு இருந்தவர் எடித் கிராமர் என்ற இளம்பெண். அவரைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

1936இல் பாவெல் பிராண்டைஸ் என்ற உறவுக்காரரை மணந்தார். 1938இல் இருவரும் ஹ்ரோனோவ் என்ற சிற்றூருக்குப் போய்த் துணி ஆலையில் வேலைக்குச் சேர்ந்தார்கள். நாட்டைவிட்டு வெளியேற வழி இருந்தும் கணவரை விட்டு அவர் போகவில்லை. 1942 டிசம்பரில் இருவரும் தெரேசினுக்கு அனுப்பப்பட்டார்கள். ஒரு ஆளுக்கு 50 கிலோ மூட்டைதான் அனுமதி. அந்த ஐம்பது கிலோவில் ஃப்ரீடல் தாளும் வண்ணமும் கட்டிக்கொண்டு போனார். படுக்கை விரிப்புகளைச் சாயம் தோய்த்து எடுத்துக்கொண்டார், பிள்ளைகள் நாடகம் போட்டால் திரைக்கு ஆகும் என்று. குளிர்காலத்தில் முகாமுக்குப் போகிற பெண் இப்படி மூட்டை கட்டியிருக்கிறார்.

2

தெரேசின், ஜெர்மன் மொழியில் தெரேசியென்ஸ்டாட், பிராகுக்கு வடக்கே சுமார் 60 கிலோமீட்டரில் உள்ள பழைய கோட்டை நகரம். 1941 நவம்பரில் நாஜிகள் அதை யூதர்களை அடைக்கும் இடமாக மாற்றினார்கள். சுமார் 1,40,000 பேர் அங்கே கொண்டுவரப்பட்டார்கள். பசியிலும் நோயிலும் சுமார் 33,000 பேர் அங்கேயே செத்தார்கள். ஏறத்தாழ 90,000 பேர் கிழக்கே, கொலைக்களங்களுக்கு அனுப்பப்பட்டார்கள். உலகத்துக்கு அதை ஒரு மாதிரிக் குடியிருப்பாகக் காட்டவும் நாஜிகள் திட்டம் வைத்திருந்தார்கள். 1944 ஜூன் 23 அன்று செஞ்சிலுவைச் சங்கத்தார் பார்க்க வந்தபோது சுவருக்கு வர்ணம் அடித்திருந்தது, பூச்செடி வைத்திருந்தது, பிள்ளைகளுக்கு விளையாட்டு மைதானம் இருந்தது. நெரிசல் தெரியக்கூடாது என்று அதற்கு முந்தைய மாதம் சுமார் 7,500 பேரை ஆஷ்விட்ஸுக்கு ஏற்றி அனுப்பியிருந்தார்கள்.

இந்த ஊரில் பிள்ளைகளுக்குப் பாடம் நடத்தத் தடை. எழுத்து, கணக்கு, வரலாறு எதுவும் கூடாது. படம் போடலாம், பாடலாம், கைவேலை செய்யலாம். 'பொழுதுபோக்கு' என்ற கணக்கில் அதை விட்டுவைத்திருந்தார்கள். படம் என்பதால் ஒன்றும் ஆகிவிடாது என்று அதிகாரம் நினைத்தது. கலை பற்றி அதிகாரத்துக்கு இருக்கிற இந்த அலட்சியம் சில சமயம் நமக்கு உதவுகிறது.

எல் 410 என்று எண்ணிட்ட கட்டடம் சிறுமிகளின் விடுதி. ஃப்ரீடல் முக்கியமாக அங்கேதான் வகுப்பு நடத்தினார். தாள் தட்டுப்பாடு. அலுவலகங்களில் கழித்துப்போட்ட படிவங்களின் பின்பக்கம், பொட்டலக் காகிதம், எது கிடைத்தாலும் சரி. வண்ணம் தீர்ந்தால் வண்ணக் காகிதத்தைக் கிழித்து ஒட்டினார்கள். மேசையில் தாளம் தட்டிக் கை அந்தத் தாளத்துக்கு ஓடட்டும் என்றார். கதை ஒன்றை வேகமாகச் சொல்லி அதில் வந்த பொருட்களை வரையச் சொன்னார். வெர்மீர் போன்றவர்களின் ஓவிய அச்சுப்படத்தைக் காட்டி அதன் வெளிச்சத்தையும் நிழலையும் கிழித்த காகிதத்தில் கொண்டுவரச் சொன்னார். இட்டனின் வகுப்பு அப்படியே இறங்கிவந்து தரையில் உட்கார்ந்துகொண்டது போல. வைமாரில் அது புதுமை செய்யப் புறப்பட்ட கலைஞர்களுக்கான பயிற்சி. இங்கே ஒரே அறையில் மூன்றடுக்குக் கட்டிலில் நெருக்கியடித்துப் படுக்கிற பிள்ளைகளுக்கு அது வேறொன்றாக ஆனது.

1943இல் முகாமின் ஆசிரியர்களுக்காகக் குழந்தை ஓவியம் பற்றி ஓர் உரை தயாரித்தார். அதன் சாரம் இது. எல்லாப் பிள்ளைகளையும் ஓவியர் ஆக்குவது நோக்கமில்லை. ஒவ்வொரு பிள்ளைக்குள்ளும் இருக்கிற சுயேச்சையான சக்தியின் ஊற்றைத் திறந்துவிடுவதுதான் நோக்கம். பெரியவர்கள் பிள்ளைகளை அவசரப்படுத்தித் தங்களைப் போல ஆக்கப் பார்க்கிறார்கள். தங்களைப் பற்றி அவர்களுக்கு அவ்வளவு திருப்தியா என்று கேட்கிறார். பெரியவர்கள் உலகத்தை எந்த நிலைமைக்குக் கொண்டுவந்திருந்தார்கள் என்பது தெரிந்த இடத்தில் இருந்துகொண்டு கேட்ட கேள்வி இது.

3

இனி ஒரு நியாயமான ஆட்சேபம். நம் நண்பர்களில் பலர் இதைக் கேட்பார்கள், நானும் கேட்டேன். பிள்ளைகள் வரைந்தவற்றில் கட்டிலும் சோற்று வரிசையும் காவலாளியும் இல்லாமலில்லை. ஆனால் பெருமளவு பூ, வீடு, மேசை, பட்டாம்பூச்சி, ஜன்னல், கப்பல். ஃப்ரீடல் தாமே அங்கே வரைந்தவற்றிலும் பூக்களும் முகங்களும் நிலக்காட்சிகளும்தான் மிகுதி. சுவரொட்டியில் உலகத்தைத் தோலுரித்துக் காட்டியவர், உலகம் தன் தோலைத் தானே உரித்துக் காட்டிய இடத்தில் பூ வரைந்தது எப்படி? நாஜிகள் செஞ்சிலுவைக்குக் காட்டிய பூச்செடிக்கும் இந்தப் பூவுக்கும் என்ன வித்தியாசம்?

இதே தெரேசினில் வேறு வகை ஓவியர்களும் இருந்தார்கள். பெட்ரிச் ஃப்ரிட்டா, லியோ ஹாஸ், ஓட்டோ உங்கர், ஃபெர்டினாண்ட் ப்ளோக். முகாமின் வரைபடப் பிரிவில் அதிகாரிகளுக்காகப் படம் போடுவது இவர்கள் வேலை. ரகசியமாக வரைந்தது பிணவண்டிகளையும் பட்டினி கிடந்த கிழவர்களையும் ரயிலேற்றும் கூட்டத்தையும். 1944 ஜூலையில் பிடிபட்டார்கள். 'சிறு கோட்டை' சிறைக்கு இழுத்துச் செல்லப்பட்டார்கள். ப்ளோக் அங்கேயே கொல்லப்பட்டார். உங்கரின் வரைகிற கையைச் சிதைத்தார்கள். ஃப்ரிட்டா ஆஷ்விட்ஸில் செத்தார். ஹாஸ் பிழைத்துவந்து, ஒளித்துவைத்த படங்களை மீட்டெடுத்தார்.

எல் 410 விடுதியிலேயே ஹெல்கா வைஸ்ஸோவா என்ற சிறுமி இருந்தாள். முகாமுக்கு வந்த புதிதில் பனிமனிதன் செய்யும் பிள்ளைகளை வரைந்து தன் அப்பாவுக்குக் கொடுத்தனுப்பினாள். கண்ணால் காண்பதை வரை என்று அப்பா பதில் சொல்லியனுப்பினார். அன்றிலிருந்து அவள் முகாமைத்தான் வரைந்தாள். அந்தப் படங்கள் இன்று மறுக்க முடியாத சாட்சியம். ஹெல்கா பிழைத்து, பிற்பாடு ஓவியரானார்.

ஆக ஒரே கட்டடத்தில் இரண்டு பாதை. ஒன்று சாட்சியம், மற்றொன்று... அதற்கு என்ன பெயர் வைப்பது? 'தப்பித்தல்' என்றுதான் முதலில் நான் வைத்தேன். இப்போது அப்படி நினைக்கவில்லை.

காரணம் எளிதானது. ஹெல்காவுக்குக் காண்பதை வரையச் சொன்னவர் அவள் அப்பா. அவரும் அதே முகாமில் பூட்டப்பட்டிருந்தவர். ஃப்ரிட்டாவும் ஹாஸும் வளர்ந்தவர்கள். உயிருக்கு என்ன விலை என்று தெரிந்து தாங்களே எடுத்த முடிவு அது. வெளியிலிருந்து வந்த ஒருவர் ஒரு பிள்ளையின் முன்னால் தாளைப் போட்டு 'உன் துயரத்தை வரை' என்று கேட்பது இந்த இரண்டிலும் சேராது. ஃபூக்கோ 1976இல் ஒப்புதல் வாக்குமூலம் பற்றி எழுதியதை நம்மில் பலர் படித்திருக்கிறோம். உள்ளே இருப்பதைச் சொல், சொன்னால் குணமாவாய் என்று பாவமன்னிப்புக் கூண்டிலிருந்து மருத்துவமனை வரை ஒரே குரல் கேட்கிறது. சொல்பவரைவிடக் கேட்பவரிடமே அதில் அதிகாரம் இருக்கிறது. முகாம் தார்ப்பாயில் நான் கேட்டதும் அந்தக் குரல்தான். அலை வரைந்தவன் 'பாதிக்கப்பட்டவன்' என்ற இடத்தில் ஒழுங்காக உட்கார்ந்துகொண்டான். ஆட்டோ வரைந்தவன் உட்கார மறுத்தான். அதனால்தான் அவன் தாளுக்கு மதிப்பில்லாமல் போனது.

ஃப்ரீடல் துயரத்தைக் கேட்கவில்லை. மேசைமேல் இருக்கும் பாத்திரத்தைக் காட்டி 'இதன் நிழல் எந்தப் பக்கம் விழுகிறது, பார்' என்றார். அந்தப் பிள்ளையை நோயாளியாகவோ பலியாகவோ பார்க்காமல் மாணவியாகப் பார்த்தார். மாணவி என்றால் நாளைக்கு இன்னும் நன்றாக வரையக்கூடியவள். நாளை என்பதே இல்லாமல் செய்வதற்காகக் கட்டப்பட்ட ஒரு இடத்தில், பாடம் என்ற ஏற்பாடு ஒவ்வொரு வகுப்பிலும் ஒரு நாளையைக் கோரிக்கொண்டிருந்தது. துயரத்தை வரைந்தவளுக்கு அதற்கும் இடம் இருந்தது. ஆனால் அது அவளாக எடுத்த முடிவு.

பெயர் விஷயமும் இதோடு சேர்ந்ததுதான். தெரேசினுக்கு வந்த ஒவ்வொருவருக்கும் ரயில்தொகுதியின் எழுத்தும் ஒரு எண்ணும் ஒட்டப்பட்டிருந்தன. சாப்பாட்டுக்கும் கட்டிலுக்கும் ரயிலேறுவதற்கும் அந்த எண்தான். படத்தின் மூலையில் மட்டும் பெயர். வரைந்து முடித்தவள் இது நான் செய்தது என்று எழுதித் தருகிறாள். பூ என்ன பூ என்பதைவிட அந்தக் கையெழுத்துத்தான் நாஜிகளின் பூச்செடியிலிருந்து அதைப் பிரிக்கிறது.

4

ஃப்ரீடலிடம் பிராகில் உதவியாளராக இருந்த எடித் கிராமர் 1938இல் நியூயார்க்குக்குத் தப்பிப் போனார். 1950களில், அந்நகரத்தின் ஏழைக் குடும்பங்களிலிருந்து, பெரும்பாலும் கறுப்பினச் சேரிகளிலிருந்து அனுப்பப்பட்ட பையன்கள் தங்கிப்படித்த வில்ட்விக் பள்ளியில் ஓவியம் கற்பித்தார். அங்கிருந்துதான் 'கலைச் சிகிச்சை' என்று இன்று அறியப்படும் துறைக்கு அவர் அடித்தளம் போட்டார். 2014இல் இறந்தார். படத்தை வைத்துக்கொண்டு மனசைத் தோண்டுவது அவர் வழியில்லை. ஆற்றுவது படைக்கும் வேலைதான் என்றார். ஆசிரியர் 'மூன்றாவது கை'யாக இருக்க வேண்டும் என்பது அவர் சொல். பிள்ளையின் இரண்டு கைக்கும் எட்டாததை, அவன் வேலையில் குறுக்கிடாமல், எடுத்துக்கொடுக்கிற கை. துறை பின்னால் எப்படியெல்லாம் போனது என்பது வேறு கதை. அதன் வேர்களில் ஒன்று அகதிப் பிள்ளைகளுக்காக ஒரு கம்யூனிஸ்ட் ஓவியர் நடத்திய வகுப்பில் இருக்கிறது என்பது அந்தத் துறைக்காரர்களில் பலருக்கே ஞாபகம் இருப்பதில்லை.

இருந்தாலும் இந்தக் கதையை இனிப்பாக முடிக்க முடியாது. 1944 செப்டம்பர் 28 அன்று பாவெல் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார். கணவர் போன இடத்துக்கே போகிறேன் என்று ஃப்ரீடல் தாமாகப் பெயர் கொடுத்தார். அக்டோபர் 6 அன்று ரயிலேறினார். அதே ரயிலில் அவரிடம் படித்த பிள்ளைகளும் இருந்தார்கள். அக்டோபர் 9 அன்று பிர்கெனாவில் கொல்லப்பட்டார். பாவெல் பிழைத்தார்.

போவதற்கு முன் பிள்ளைகளின் படங்கள் இரண்டு பெட்டிகளில் சேர்ந்திருந்தன, சுமார் 4,500. போர் முடிந்ததும் விடுதிப் பொறுப்பாளர் வில்லி குரோக் அந்தப் பெட்டிகளை 1945இல் பிராகின் யூத சமூகத்தாரிடம் கொண்டுபோய்ச் சேர்த்தார். வரைந்தவர்கள் சுமார் 660 பேர். அவர்களில் ஏறத்தாழ 550 பேர் கொல்லப்பட்டார்கள்.

இந்தக் கணக்கை வைத்துக்கொண்டு கலை ஆற்றியது என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆற்றவில்லை என்று சொல்லவும் வரவில்லை. ஆஷ்விட்ஸுக்குப் பிறகு கவிதை எழுதுவது காட்டுமிராண்டித்தனம் என்ற பொருளில் அடோர்னோ 1949இல் எழுதினார். 1966இல் அதைத் தாமே திருத்தி, வதைபடுகிறவனுக்கு அலறும் உரிமை இருப்பதுபோல் வெளிப்பாட்டுக்கும் உரிமை உண்டு என்றார். இரண்டு வாக்கியமும் 'பிறகு' என்ற இடத்தில் நின்று பேசுகின்றன. எல் 410 சிறுமிகளுக்குப் பிறகு என்று ஒன்று கிடையாது. அவர்களுக்குக் கிடைத்தது வாரத்தில் சில மணி நேரம். அந்த நேரத்தில் பசி இருந்தது, பயம் இருந்தது, அதோடு ஒரு சிவப்புக் காகிதத்தை எங்கே ஒட்டினால் படம் நிற்கும் என்ற யோசனையும் இருந்தது. பசியும் பயமும் மட்டும் இருந்த மணி நேரத்துக்கும் இதற்கும் வித்தியாசம் உண்டு. பிழைத்துவந்த மாணவிகள் வயதான காலத்தில் அந்த வகுப்புகளைப் பற்றிப் பேசியபோது அந்த வித்தியாசத்தைத்தான் சொன்னார்கள். ஒருவரின் முடிவை வைத்து அவர் வாழ்ந்த மணி நேரத்தை அழிக்கக் கூடாது. கொன்றவர்கள் செய்ய நினைத்தது அதைத்தான்.

ஆகவே 'ஆற்றுதல்' என்ற சொல்லை நான் விட்டுவிடச் சொல்லவில்லை. அதன் கணக்கை மாற்றச் சொல்கிறேன். முடிவில் என்ன ஆனது என்று பார்க்காமல், வரைந்த நேரத்தில் வரைந்தவரை எந்த இடத்தில் வைத்தோம் என்று பார்க்க வேண்டும். இயக்க நண்பர்கள் முகாமிலும் குடிசைப் பகுதியிலும் கலவரம் நடந்த ஊரிலும் பிள்ளைகளுக்குப் படம் வரையும் பட்டறை நடத்துகிறார்கள். நல்ல காரியம்தான். அங்கே நாம் சாட்சியம் சேகரிக்கப் போகிறோமா, கற்றுக்கொடுக்கப் போகிறோமா? படம் யாருக்குச் சொந்தம்? மூலையில் பேர் இருக்கிறதா? ஒரு நாள் போய் ஐம்பது தாள் அள்ளி வருவதற்கும், தாளே இல்லாத ஊரில் கிட்டத்தட்ட இரண்டு வருஷம் விடாமல் வகுப்பு நடத்துவதற்கும் உள்ள தூரத்தைத்தான் ஃப்ரீடலின் அர்ப்பணிப்பு என்று நான் புரிந்துகொள்கிறேன்.

பிராகில் பின்காஸ் தொழுகைக்கூடம் என்று ஒன்று இருக்கிறது. பொஹீமியா, மொராவியா பகுதிகளில் கொல்லப்பட்ட யூதர்கள் ஏறத்தாழ 80,000 பேரின் பெயர்களை அதன் சுவர்களில் கையால் எழுதிவைத்திருக்கிறார்கள். அதே கட்டடத்தில்தான் தெரேசின் பிள்ளைகளின் படங்களும் இருக்கின்றன. சுவரில் இருக்கும் பெயர்கள் மற்றவர்கள் எழுதியவை. படத்தின் மூலையில் இருப்பவை அவரவர் எழுதியவை.

ஆட்டோ வரைந்த பையனுக்கு இப்போது முப்பது வயது நெருங்கியிருக்கும். அந்தத் தாளை நானும் எடுத்து வைக்கவில்லை. அவன் பேரையும் கேட்கவில்லை. அன்றைக்கு லாரி வந்திருந்தது, மூட்டை இறக்கப் போய்விட்டேன்.